தங்கராசு வீட்டு ஒரு நிமிடம்

முப்பத்தைந்து வயதில் ஓய்வு பெற்றுவிட்டேன் என்று சொன்னால் நீடாமங்கலத்தில் சிரிக்கிறார்கள். வலது காது போய்விட்டது. ஒற்றைக் காதை வைத்துக்கொண்டு படத்துக்கு இசையமைக்க முடியாது. இதற்கு ஓய்வு என்பதைத் தவிர வேறு பெயர் எனக்குத் தெரியவில்லை. இப்போது ஒரு பள்ளிக்கூடத்தில் எழுத்தர் வேலை பார்க்கிறேன்.

போன மாதம் நசீமா தொலைபேசியில் கூப்பிட்டது. நான் வேலை பார்த்த கும்பகோணம் ஒலிப்பதிவுக் கூடத்தின் முதலாளி ஹாஜா பாயின் மகள். பாய்க்குப் பிறகு கூடத்தை நடத்துவது அதுதான்.

“அண்ணே, இப்பல்லாம் டிஸ்க்லயே வந்துடுது. முந்நூறு மியூசிக். சோகம் ஒண்ணு, சோகம் ரெண்டு, வீரம், கொடி, எல்லைன்னு பேரு போட்டு வச்சிருக்கான். பட்டாளத்துலேர்ந்து ஒருத்தர் வீட்டுக்குத் திரும்பி வர்ற சீனு ஒண்ணு இருக்கு. அதுக்கு எதப் போட்டாலும் ஒட்ட மாட்டேங்குது. நீங்கன்னா என்ன போடுவீங்க?”

“சோகம் ரெண்டு போட்டுப் பாத்தியா?”

“கிண்டல் பண்ணாதீங்கண்ணே. ஒங்க காலத்து ஆளு யாரும் இல்லன்னுதான் ஒங்களக் கேக்கறேன்.”

வாயால் சொல்லி முடிகிற பதில் இல்லை என்பதால் எழுதுகிறேன்.

எங்கள் வீட்டில் முதலில் பள்ளிக்கூடம் போனவன் நான். அப்பா சாவுக்குத் தப்புப் பறை அடிப்பவர், அம்மா நடவுக்குப் போகிறவள். மன்னார்குடியில் பி.ஏ. வரலாறு படித்தேன். கல்லூரி மூலையில் கிடந்த ஆர்மோனியத்தை யாரும் கேட்காததால் நான் எடுத்து வாசித்துப் பழகினேன். வரலாறு சோறு போடவில்லை. ஆர்மோனியம் என்னைக் கும்பகோணத்துக்குக் கொண்டுபோய் ஹாஜா பாய் முன்னால் நிறுத்தியது. படிப்பும் பயிற்சியும் அவ்வளவுதான்.

பாய்க்குச் சொந்த ஊர் கூத்தாநல்லூர். துபாயில் பன்னிரண்டு வருடம் ரேடியோ பழுது பார்த்துவிட்டு, திரும்பும்போது ஒரு கீபோர்டும் ஒலிப்பதிவுக் கருவியும் வாங்கி வந்தவர். கூடம் ஒரு பாத்திரக் கடையின் மாடியில் இருந்தது. கீழே காலையிலிருந்து பித்தளை தட்டுவார்கள். அவர்கள் சாப்பிடப் போகும் ஒரு மணியிலிருந்து இரண்டரை வரைக்கும்தான் நாங்கள் எதையும் பதிவு செய்ய முடியும். சென்னைக் கம்பெனி ஒன்று பட்டாளத்துக்காரர்களைப் பற்றித் தொடராக ஆவணப்படம் எடுத்து, இசையை எங்களிடம் கொடுத்திருந்தது. அந்தப் படங்களில் நீங்கள் கேட்டு அழுத சோகமெல்லாம் மதியச் சாப்பாட்டு நேரத்தில் பதிவானது.

பாய் பதிவுக்கு முன்னால் கைக்கடிகாரத்தைக் கழற்றி அடுத்த அறையில் வைத்துவிட்டு வருவார். சத்தம் போட்டுப் பேசி நான் பார்த்ததில்லை. பிடித்திருந்தால் “இருக்கட்டும்” என்பார். பிடிக்காவிட்டால் “இன்னொரு தடவ” என்பார். “நல்லாருக்கு” என்ற சொல்லை அவர் வாயிலிருந்து நான் கேட்டதே இல்லை.

முதல் படம் ஒரு ஹவில்தாரைப் பற்றியது. ஒரு கால் இல்லை. ஆனால் மனிதர் படம் முழுக்கச் சிரித்துக்கொண்டே இருந்தார். அவர் கட்டையை ஊன்றிக்கொண்டு வாய்க்கால் பாலத்தைத் தாண்டும் இடத்தில் நான் வயலினை இழுத்து வைத்தேன். பாய் கேட்டார்.

“அவரு அழுதாரா?”

“இல்ல பாய்.”

“அப்ப நீ ஏன் அழுவுற?”

எடுத்துவிட்டேன். பிறகு சொன்னார்: “மனுசன் பேசுறப்ப வேணா வாசி. சும்மா இருக்கறப்ப வாசிக்காத. அது அவன் எடம்.”

அவரிடம் ஒரு முறை இருந்தது. யாரைப் பற்றிய படமோ அவர் வீட்டுக்கு இசை வேலை தொடங்கும் முன் நாங்கள் இருவரும் போவோம். வீட்டில் உள்ளவர்களைப் பேசாமல் இருக்கச் சொல்லிவிட்டு, நடுவீட்டில் மைக்கை வைத்து ஒரு நிமிடம் சும்மா பதிவு செய்வோம். எந்த வீடும் முழுக்க அமைதியாக இருப்பதில்லை. மின்விசிறி, தூரத்துப் பம்புசெட்டு, தண்டவாளம், கூரைக்குள் அணில் என்று ஏதாவது ஒன்று அடியில் ஓடும். அதைக் கேட்டு, அது நிற்கும் சுருதியில் ஆர்மோனியத்தைச் சேர்ப்பேன். படத்துக்கான இசை அந்த வீட்டின் சுருதியிலேயே எழும். கேசட்டின் மேல் ஊர், பெயர், ‘ஒரு நிமிடம்’ என்று பாய் எழுதி அலமாரியில் வைப்பார்.

ஒரு நாள் சென்னையிலிருந்து வந்த பட்டியலில் தங்கராசு பெயர் இருந்தது.

தங்கராசு எங்கள் தெரு. என்னைவிட இரண்டு வயது சின்னவன். பட்டாளத்தில் சேர்ந்து வடக்கே பனிமலைக்குப் போனவன் பனி சரிந்து காணாமல் போனான். தேடிப் பார்த்துவிட்டு, இறந்துவிட்டதாகத் தாள் அனுப்பினார்கள். கூடவே அவனுடைய தகரப் பெட்டி வந்தது. உடல் வரவில்லை. அவன் அம்மா அஞ்சலைக்கு அவன் ஒரே பிள்ளை. தெருவே சேர்ந்து வைக்கோலில் ஆள் செய்து, பெட்டியிலிருந்த சட்டையை அதற்குப் போட்டு, பாடையில் வைத்துத் தூக்கிப்போனோம். முன்னால் என் அப்பா அடித்துக்கொண்டு போனார்.

எங்கள் பக்கத்தில் சாவுக்கு அடிக்கத் தொடங்கினால் சுடுகாடு வரை நிறுத்தக் கூடாது. நெருப்பு வைத்ததும் மூன்று அடி அடித்து, கொஞ்சம் விட்டு, கடைசியாக ஒரே ஓர் அடி. அதற்குப் பெயர் முடிப்பு. அதைக் கேட்டதும் வீட்டில் இருக்கும் பெண்கள் எழுந்து போய் வாய்க்காலில் தலை முழுகுவார்கள். போனவர் போய்விட்டார் என்று அர்த்தம்.

அன்றைக்கு நெருப்பு வைத்தும் அப்பா முடிப்பு அடிக்கவில்லை. பெரியவர்கள் சத்தம் போட்டார்கள். அப்பா தப்பைத் தோளிலிருந்து இறக்கிவிட்டார்.

“ஆளு வரட்டும், அடிக்கறேன். வைக்கோலுக்கெல்லாம் என்னால முடிப்பு அடிக்க முடியாது.”

வீட்டுக்கு வந்ததும் நான் என் பங்குக்குப் பேசினேன். படித்த திமிர் என்று சொல்ல மாட்டேன், அதில் நியாயமும் இருந்தது. “இதோட இத வுட்டுடுங்கப்பா. நாம ஏன் காலம் பூரா ஊரு சாவுக்கு அடிக்கணும்?” என்றேன். அப்பா தப்பைச் சுவர் ஆணியில் மாட்டினார். அதன் பிறகு எடுக்கவில்லை.

மூன்று வருடம் கழித்துத் தங்கராசு உயிரோடு வந்தான். இடையில் எங்கே இருந்தான் என்பதைப் படத்தில் சொல்லக் கூடாது என்று மேலிடத்தில் சொல்லிவிட்டார்கள். நானும் இங்கே சொல்லவில்லை.

காரியம் செய்துவிட்ட ஆள் திரும்பி வந்தால் வாசல் வழியாக வரக் கூடாது. பின்பக்கக் கூரையில் ஒன்பது ஓடு பிரித்து அவனை உள்ளே இறக்கினார்கள். மொட்டை போட்டு, வாய்க்காலில் முழுக வைத்து, பிறந்த பிள்ளைக்கு வைப்பதுபோல் அதே பெயரைக் காதில் மூன்று முறை சொன்னார்கள். சொல்ல வேண்டியவள் அஞ்சலைச் சின்னம்மா. அவள் வாய் திறக்காததால் பக்கத்து வீட்டுக்காரி சொன்னாள்.

நானும் பாயும் போனபோது மதியம் பன்னிரண்டு மணி இருக்கும். அறுப்பு முடிந்த வயலெல்லாம் காய்ந்து கிடந்தது. தங்கராசு உள்ளே கோரைப்பாயில் உட்கார்ந்திருந்தான். சின்னம்மா ஒரு தலைவாழை இலையைக் கொண்டுவந்து போட்டாள். சோறு, குழம்பு, கருவாடு, அவனுக்குப் பிடித்த பறங்கிக்காய் எல்லாம் வைத்தாள். ஓரத்தில் ஒரு தம்ளர் தண்ணீர் வைத்தாள். பிறகு “சாப்புடுங்க” என்று தரையைப் பார்த்துச் சொல்லிவிட்டுக் கொல்லைப்பக்கம் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பெற்ற பிள்ளையைப் பார்த்து அப்படிச் சொல்லி நான் கேட்டதில்லை.

தங்கராசு சிரித்தான். “பாத்தீங்களாண்ணே? மூணு வருசமா அமாவாசைக்கு அமாவாசை எல போட்டு வச்சிட்டுக் கதவச் சாத்திப் பழகிடுச்சு. அம்மா எனக்குச் சோறு போடல, படைக்குது. நான் தின்னு முடிச்சாத்தான் வரும். வந்து எலய மட்டும்தான் பாக்கும், என்னப் பாக்காது.”

“பேசிப் பாத்தியாடா?”

“பேசுனா காக்கா கத்துனாப்புல நின்னு கேக்குது. ஒரே ஒரு தடவ பேரச் சொல்லிக் கூப்புட்டா போதும்ணே. எங்கெங்கயோ என்னென்னமோ பேரு வச்சிக் கூப்புட்டானுவ. இங்க வந்து பேரு இல்லாம இருக்கேன்.”

அவனுக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

அவன் சாப்பிட்டு முடித்ததும் ஒரு நிமிடம் பதிவு செய்தோம். மின்சாரம் இல்லை. கருவி பேட்டரியில் ஓடியது. தங்கராசு கைகளைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். பாய் காதில் ஹெட்போனோடு கண்ணை மூடியிருந்தவர், பாதியில் திறந்தார். ஹெட்போனைக் கழற்றி என்னிடம் நீட்டினார்.

வெகு தூரத்தில் அடிப்பதுபோல் தப்புச் சத்தம். எனக்குத் தெரிந்த அடி. அப்பா அன்றைக்குச் சுடுகாடு வரை அடித்துக்கொண்டு போன அதே நடை. முடிப்பு வர வேண்டிய இடம் வந்தது. வரவில்லை. மறுபடி முதலிலிருந்து.

காதிலிருந்து எடுத்தேன். வீட்டில் ஒரு சத்தமும் இல்லை. மாட்டினேன். அடித்துக்கொண்டிருந்தது.

“ஒங்களுக்கும் கேக்குதா?” என்றான் தங்கராசு. “எனக்கு மட்டுந்தான்னு நெனச்சேன்.”

நான் எழுந்து கொல்லைக் கதவைத் திறந்தேன். சின்னம்மா சுவரில் சாய்ந்து வயலைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். இடது உள்ளங்கை மண்சுவரில் தட்டிக்கொண்டிருந்தது. சுவரே லேசாக அதிர்ந்தது. என்னைப் பார்த்ததும் கை நின்றது. “என்ன தம்பி?” என்றாள். அவளுக்கே தெரியாது என்பது முகத்தில் தெரிந்தது.

எனக்கு உயிர் வந்தது. உள்ளே போய் இருவரிடமும் சொன்னேன். பாய் “இருக்கட்டும்” என்றார். தங்கராசு மட்டும் தலையை ஆட்டினான்.

“இங்க அம்மாதான் அடிக்குது, சரி. அங்கயும் கேட்டுச்சேண்ணே. பனிக்குள்ள கெடந்தப்பக் கேட்டுச்சு. அப்பறம் போன எடத்துலயெல்லாம் கேட்டுச்சு. எந்தப் பக்கம் சத்தம் கூடுதோ அந்தப் பக்கம் நடந்தேன். அதப் புடிச்சிக்கிட்டுத்தான் வந்து சேந்தேன்.”

திரும்பும்போது பேருந்தில் பாய் கேசட்டின் மேல் ‘தங்கராசு வீடு, ஒரு நிமிடம்’ என்று மட்டும் எழுதினார்.

படத்தின் இசை அந்த நடையில்தான் எழ வேண்டும் என்று எனக்குத் தோன்றிவிட்டது. அப்பாவிடம் போய்க் கேட்டேன்.

“நீதானடா கீழ வைக்கச் சொன்ன?”

“இது சாவுக்கு இல்லப்பா. உயிரோட வந்தவனுக்கு.”

அரை மனதோடு ஆணியிலிருந்து எடுத்தார். வைக்கோலைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சினார். ஒரு நிபந்தனை வைத்தார்: முடிப்பு அடிக்க மாட்டார். நான் சரி என்றேன். நன்றாக அடித்தார். இடையில் மெல்ல ஆர்மோனியத்தைச் சேர்த்தேன். கேட்டுவிட்டுப் பாய் இரண்டு முறை “இருக்கட்டும்” என்றார். அதற்கு மேல் அவரிடம் பாராட்டு இல்லை.

சென்னை இயக்குநர் கேட்டுவிட்டு, “சூப்பர் பிரதர். ஆனா கடைசியில அப்படியே தொங்குது. ஒரு எண்டிங் வேணும்” என்றார்.

பாய் அந்த வாரம் ஒரு கல்யாணத்துக்காக ஊருக்குப் போயிருந்தார். முடியாத இசையைக் கொடுக்க எனக்கும் கூச்சமாக இருந்தது. சுவாமிமலைப் பக்கம் ஒரு கிழவர் சாவில் வேறொரு படத்துக்காகப் பதிவு செய்த நாடா இருந்தது. அதில் முடிப்பு இருந்தது. மூன்று அடி, ஓர் இடைவெளி, ஓர் அடி. பிளேடால் அதை வெட்டி அப்பாவின் நாடாவோடு ஒட்டினேன். ஒட்டு தெரியவே இல்லை. கெட்டிக்காரத்தனமாக வேலை செய்துவிட்டதாக அன்றைக்கு நினைத்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக்கு, நீடாமங்கலத்திலிருந்து வாடகைக்கு டிவியும் டெக்கும் கொண்டுபோய்த் தங்கராசு வீட்டிலேயே படத்தைப் போட்டோம். தெருவே உள்ளே நெருக்கிக்கொண்டு உட்கார்ந்தது.

“ஏய், நம்ம மாடு போவுது பாரு!”

“மாட்டுக்குப் பின்னால போவுறது நீதான். அதப் பாத்து ஏன் கத்துற?”

ஓடு பிரித்து இறக்கும் இடம் வந்ததும் சத்தம் அடங்கியது. அப்பாவின் தப்பு ஏறியது. சின்னம்மா கதவோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் கை கதவில் கூடவே தட்டியது. தங்கராசு வாய்க்கால் கரையில் நிற்கும் கடைசிக் காட்சி. மூன்று அடி. இடைவெளி. ஓர் அடி.

சின்னம்மாவின் கை நின்றது.

அவள் வெளியே போனாள். யாரும் கவனிக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் தலை முழுகி, ஈரச் சேலையோடு வாய்க்காலிலிருந்து வந்தாள். வாசலைக் கூட்டித் தண்ணீர் தெளித்தாள். என்னைப் பார்த்துச் சிரித்தாள். எத்தனையோ வருடம் கழித்து அவள் சிரித்தது அப்போதுதான்.

“எல்லாம் ஆச்சு தம்பி” என்றாள்.

அன்று மாலை அவள் இலை போடவில்லை. மறுநாளும் போடவில்லை. தனக்கு மட்டும் ஆக்கிச் சாப்பிட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்கினாள். தங்கராசு பக்கத்து வீட்டில் சாப்பிட்டான்.

அப்பா படத்தை முழுக்கப் பார்த்துவிட்டு வந்து, “கடைசியில அடிச்சது என் கை இல்ல. யாரு முடிப்புடா அது? யாரோட சாவ எடுத்து இந்தப் பயலுக்கு வச்ச?” என்று கேட்டார். மறுபடி முதலிலிருந்து அடிக்கச் சொல்லிக் கெஞ்சினேன். “அடிச்சத எப்புடிடா திருப்பி எடுக்கறது?” என்றார்.

இரண்டு மாதத்தில் தங்கராசு துபாய்க்குப் போனான். ஹாஜா பாயின் உறவினர் ஒருவர் காவலாளி வேலைக்கு விசா எடுத்துக் கொடுத்தார். ஒன்றரை வருடம் கழித்து, ஒரு மதியம் கூடத்துக்குத் தொலைபேசியில் கூப்பிட்டான்.

“இங்க மணலும் வெயில்ல வெள்ளையாத்தான் இருக்குண்ணே, பனி மாதிரியே. லீவு குடுத்தாங்க. டிக்கெட்டும் எடுத்துட்டேன். ஏர்போர்ட் வரைக்கும் போயிட்டுத் திரும்பி வந்துட்டேன். ரெண்டு தடவ.”

“ஏன்டா?”

“சத்தம் நின்னு போச்சே. எந்தப் பக்கம் போறதுன்னு தெரியல.”

நான் எல்லாவற்றையும் பாயிடம் சொன்னேன், நாடாவை ஒட்டியது உட்பட. அவர் திட்டவில்லை. அலமாரியிலிருந்து ‘தங்கராசு வீடு, ஒரு நிமிடம்’ கேசட்டை எடுத்து, கையடக்கப் பிளேயரோடு மேசையில் வைத்தார். “நீ வச்சது. நீயே போய் எடு” என்றார்.

அடுத்த நாள் பன்னிரண்டு மணிக்குப் போனேன். சின்னம்மா கொல்லையில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்தாள். உடம்பு தேறியிருந்தது. பக்கத்தில் உட்கார்ந்து கேசட்டைப் போட்டேன். முதலில் வெறும் இரைச்சல். பிறகு தூரத்தில் அந்த நடை.

முறம் நின்றது.

“யாரு தம்பி அடிக்கிறது?”

“நீங்கதான் சின்னம்மா.”

முடிப்பு வர வேண்டிய இடம் வந்தது. வரவில்லை. நிமிடம் முடிந்து கேசட் வெறுமனே சுற்றியது. அவள் முகம் வாடியது. மெதுவாக அவள் இடது கை பின்னால் போய்ச் சுவரைத் தேடியது. தேறிய ஒருத்தியை மறுபடி அந்த இடத்தில் உட்கார வைத்துவிட்டு எழுந்து வந்தேன். அது சரியா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

பத்தாம் நாள் தங்கராசு வந்தான். யாரும் அவனுக்குச் சொல்லவில்லை. நான் சொல்லவில்லை, பாயும் சொல்லவில்லை.

நசீமா, அதன் பிறகு நான் செய்த படங்கள் எதிலும் முடிப்பு வைக்கவில்லை. கம்பெனிக்காரர்கள் குறை சொன்னார்கள். உன் அத்தா “இருக்கட்டும்” என்றார். நீ கேட்ட காட்சிக்கும் அந்த டிஸ்க்கில் எதுவும் இருக்காது. அந்த வீட்டுக்குப் போ. ஒரு நிமிடம் சும்மா பதிவு செய்து, அதையே போடு. நாமாக எதையும் முடித்து வைக்க வேண்டாம்.

அவன் வந்த அன்று நானும் போயிருந்தேன். சின்னம்மா கொல்லையில் மாமர நிழலில் இலை போட்டாள். சோறும் பறங்கிக்காயும் வைத்தாள். வழக்கம்போல் அவனைப் பார்க்காமல் திரும்பிச் சுவரோரம் உட்கார்ந்துகொண்டாள். அவன் சோற்றில் கையை வைத்தான். வேலியிலிருந்து ஒரு கோழி இலையைப் பார்த்து ஓடி வந்தது.

“எலய இழுத்துக்கடா தங்கராசு, கோழி வருது” என்றாள்.

சொன்னபோதும் அவள் திரும்பவில்லை. அவள் கை சுவரில் தட்டிக்கொண்டேதான் இருந்தது.